பெயருக்குக் கீழே ஒரு வரி

நீங்கள் கொடுத்த பேனா நன்றாக எழுதுகிறது. இந்த மாதிரிக் காவல் நிலையங்களில் உதறாமல் எழுதுகிற பேனா கிடைப்பது அபூர்வம். வாயால் சொல்லுங்கள், நாங்கள் எழுதிக்கொள்கிறோம் என்றீர்கள், வேண்டாம் என்றேன். தப்பாக நினைக்காதீர்கள். பதினோரு வருஷம் மென்பொருளில் பிழை கண்டுபிடித்து அறிக்கை எழுதியவன் நான். முதலில் என்ன நடந்தது, அடுத்து என்ன நடந்தது, எந்த இடத்தில் கோளாறு வந்தது என்று வரிசையாக எழுதுவது எனக்குக் கைவந்த வேலை. அடுத்தவர் எழுதினால் அவருடைய கோபதாபமும் அதில் ஒட்டிக்கொள்ளும்.

நான் வந்து உட்கார்ந்ததும் நீங்கள் கேட்ட முதல் கேள்வி, "ஒரு பச்சைக் குழந்தைக்கு இப்படிப் பண்ண எப்படி சார் மனசு வந்துச்சு?" என்பது. கேள்வியிலேயே பிழை இருக்கிறது. குழந்தைக்கு நான் ஒன்றும் செய்யவில்லை. நான் செய்தது மாப்பிள்ளைக்கு, அதாவது என் தங்கையின் கணவருக்கு. அதுவும் அவர் பெயருக்குக் கீழே ஒரே ஒரு சொல் எழுதினேன், அவ்வளவுதான். கத்தி எடுக்கவில்லை, கை ஓங்கவில்லை. என் குரல் எப்போதாவது உயர்ந்து யாராவது கேட்டிருந்தால் கூப்பிட்டுக் கேளுங்கள்.

மாப்பிள்ளையை முதலில் கண்டெடுத்தவன் நான்தான். மருத்துவமனைகளுக்கு மென்பொருள் செய்து கொடுக்கிற நிறுவனம் ஒன்றில் சோதனைப் பிரிவுக்கு நான் தலைவனாக இருந்தேன். நேர்முகத் தேர்வுக்கு வந்தவர்களில் இவர் ஒருவர்தான் கேட்ட கேள்விக்கு மட்டும் பதில் சொன்னார். எடுத்துக்கொண்டேன். எனக்கும் தங்கைக்கும் பெற்றோர் சீக்கிரமே போய்விட்டார்கள். பள்ளிக்கூட அட்டையில் கையெழுத்துப் போட்டது முதல் அவளுக்கு எல்லாமே நான். அவளுக்கு ஒரு நல்ல இடம் பார்க்கவேண்டும் என்றபோது என் பக்கத்து மேசையிலேயே ஆள் உட்கார்ந்திருந்தார். வேலையும் என் கையால், குடும்பமும் என் கையால். இதை அவரே பலபேரிடம் சொல்லியிருக்கிறார். நன்றி இல்லாதவர் என்று நான் சொல்லவரவில்லை. நாக்கை அடக்கத் தெரியாதவர், அதுதான் அவரிடம் இருந்த கோளாறு.

எங்கள் அலுவலகத்தில் எல்லாரும் ஒரு அரட்டைச் செயலியில் இருப்போம். விளையாட்டுப் பிரியர்களுக்காக உருவானது அது. வசதியாக இருக்கிறதென்று நாங்கள் வேலைக்கும் வைத்துக்கொண்டோம். வலது பக்கம் எல்லாருடைய பெயரும் வரிசையாக இருக்கும். யாராவது கணினியில் விளையாட்டு எதையாவது திறந்தால், அவர் பெயருக்குக் கீழே அது தானாகவே வந்துவிடும்: விளையாடுகிறார், இன்ன விளையாட்டு, இத்தனை மணி நேரமாக. கோள்மூட்டிக்குப் பச்சை விளக்கு வைத்த மாதிரி.

ஐந்து வருஷத்துக்கு முன்பு ஒருநாள் நான் வீட்டிலிருந்து வேலை செய்துகொண்டிருந்தேன். அறிக்கை ஒன்று தாமதமாகிவிட்டது. காணொளிக் கூட்டத்தில் மேலாளர் காரணம் கேட்டார். காலையிலிருந்து தலை நிமிராமல் அதில்தான் உட்கார்ந்திருக்கிறேன் என்றேன். பதினாறு பேர் இருந்த கூட்டம் அது. மாப்பிள்ளை சிரித்துவிட்டுச் சொன்னார்: "மச்சான், உங்க பேருக்குக் கீழ வேற ஏதோ போட்டிருக்கே. கருங்கோட்டையாம், நாலு மணி நேரமாம்."

பதினாறு பேரும் சிரித்தார்கள். மேலாளரும் சிரித்தார், ஆனால் கொஞ்சம் முன்னாலேயே நிறுத்திவிட்டார். அதன்பின் பழைய அறிக்கைகளையெல்லாம் தோண்டினார்கள். மூன்று வாரத்தில் என்னை அழைத்து, நீங்களாகவே எழுதிக் கொடுத்துவிட்டால் கௌரவமாக இருக்கும் என்றார்கள். என் நாற்காலியை மாப்பிள்ளைக்கே கொடுத்தார்கள். வேண்டாம் என்று சொன்னாராம். சொல்லிவிட்டு வாங்கிக்கொண்டார்.

அன்று நான் கருங்கோட்டை விளையாடிக்கொண்டிருந்தது உண்மைதானா என்று கேட்பீர்கள். உண்மைதான். கேள்வி அதுவல்ல. ஒருவர் மானத்தைக் கப்பலேற்றும்போது அது உண்மையா பொய்யா என்பது பெரிய விஷயமில்லை. கப்பலேறினால் ஏறியதுதான்.

மன்னிப்புக் கேட்க மூன்று முறை வீட்டுக்கு வந்தார். "சும்மா கலாய்ச்சேன் மச்சான், இப்படி ஆகும்னு சத்தியமா நினைக்கல." மூன்றாவது முறை கதவைத் திறந்தேன். அதற்குள் அலுவலகத்தில் எனக்குக் கோட்டையார் என்று பெயர் வைத்துவிட்டார்கள். அது எப்படியோ தங்கை வாய்க்கும் வந்துவிட்டது. "என்ன கோட்டையாரே, சாப்பிட வரலையா?" என்பாள். அவளுக்கு அது செல்லம். நானும் சிரிப்பேன். சிரிக்கிறவனுக்கு வலிக்காது என்று நினைத்துக்கொள்கிறார்கள்.

குட்டி பிறந்தது அதற்கு மூன்று மாதம் கழித்து. பார்க்க அழகான குழந்தை. இரண்டு வயது ஆகியும் பேச்சு வரவில்லை. காது நன்றாகக் கேட்கிறது, புத்தி நன்றாக இருக்கிறது, ஆனால் நினைத்த ஒலியை வாய்க்குக் கொண்டுவர முடியவில்லை என்றார் பேச்சுப் பயிற்சி மருத்துவர். தினமும் மணிக்கணக்கில் சொல்லிக்கொடுக்க வேண்டும், ஐந்து வயதுக்குள் பிடித்தால் பிடித்ததுதான், ஒருநாளும் விடக்கூடாது, விட்டால் வந்ததும் போய்விடும் என்றார். இதை அவர் சொன்னபோது நான் பக்கத்தில்தான் இருந்தேன். எனவே எனக்குத் தெரியாது என்று சொல்லப்போவதில்லை.

தங்கைக்கு விமான நிலையத்தில் வேலை. பயணிகளின் பெட்டிகளுக்குள் இருப்பதைக் காட்டுகிற திரையைப் பார்த்துக்கொண்டிருப்பாள். பத்து மணி நேர வேலை, விடமுடியாது. மாப்பிள்ளை என் நாற்காலியைத் துறந்து, பாதிநாள் வேலை வாங்கிக்கொண்டு வீட்டிலேயே இருந்துவிட்டார். அதோடு நிற்கவில்லை, குட்டிக்காக அவரே ஒரு மென்பொருள் எழுதினார். திரையில் ஒரு மஞ்சள் பந்து. ஒரு படம் வரும், மாப்பிள்ளையின் குரல் கேட்கும்: "யாரு கண்ணு இது?", "என்ன கண்ணு இது?" குழந்தை கிட்டத்தட்டச் சரியாகச் சொல்லிவிட்டால் பந்து எழும்பி மேலே போகும். குட்டி கைதட்டுவாள். ஒரு வார்த்தைக்கு ஆறு வாரம், எட்டு வாரம் ஆகும். ஒன்றரை வருஷத்தில் எட்டு வார்த்தைகள் வந்தன. அம்மா, அப்பா, தண்ணி, வா, பந்து, பூ, போதும், இன்னும். கடைசி இரண்டும் வந்த அன்று வீட்டையே தலைகீழாக்கிவிட்டாள் என்று தங்கை சொல்லிச் சொல்லிச் சிரித்தாள்.

நல்ல வேலைதான் செய்திருந்தார். பிழை பார்க்கிற கண்ணோடு பார்த்தேன், ஒன்றும் சிக்கவில்லை.

குடும்பத்துக்கென்று அதே அரட்டைச் செயலியில் மாப்பிள்ளை ஒரு குழு வைத்திருந்தார். தங்கை, அவர், நான். வேலை இடைவேளையில் தங்கை அதில்தான் குட்டியின் படங்களைப் பார்ப்பாள். ஒரு ஞாயிற்றுக்கிழமை அவர்கள் வீட்டுக்குப் போயிருந்தேன். தங்கை சமையலறையில். குட்டி தண்ணீரைக் கொட்டிக்கொண்டாள் என்று மாப்பிள்ளை அவளை உடைமாற்ற உள்ளே தூக்கிப்போனார். கணினி திறந்திருந்தது. மஞ்சள் பந்து கீழே உட்கார்ந்திருந்தது.

அந்தச் செயலிக்குப் பிரபலமான விளையாட்டுகளைத்தான் தானாகத் தெரியும். தெரியாததை நாமே சேர்க்கலாம். அமைப்புகளுக்குள் போனால், கணினியில் இப்போது ஓடுகிற நிரல்களின் பட்டியல் வரும். அதில் ஒன்றைத் தொட்டால் அதையும் விளையாட்டாக எடுத்துக்கொள்ளும். பெயரையும் நாமே எழுதலாம். மாப்பிள்ளையின் மென்பொருள் அதற்குத் தெரிந்திருக்க நியாயமில்லை. அதை விளையாடுகிற ஆள் உலகத்திலேயே ஒருத்திதான். அதைத் தொட்டேன். பெயர் என்ற கட்டத்தில் இருந்ததை அழித்துவிட்டு, கருங்கோட்டை என்று எழுதினேன். ஒரு நிமிஷம்கூட ஆகவில்லை. குட்டி புதுச் சட்டையில் ஓடிவந்து என் முழங்காலைக் கட்டிக்கொண்டு முகத்தையே பார்த்தாள். அவளுக்கு அப்போது என்னைக் கூப்பிட வார்த்தை இல்லை.

அவ்வளவுதான் நான் செய்தது. மற்றதையெல்லாம் அவர்களே செய்துகொண்டார்கள்.

மாப்பிள்ளை அதைக் கவனிக்கவேயில்லையா என்று உங்கள் உதவியாளர் கேட்டார். நீங்களே நெஞ்சில் கை வைத்துச் சொல்லுங்கள், உங்கள் பெயருக்குக் கீழே என்ன இருக்கிறது என்று என்றைக்காவது பார்த்திருக்கிறீர்களா? அடுத்தவர் பெயருக்குக் கீழேதான் பார்ப்போம். தங்கை பார்த்தாள். ஒரு வாரம் கழித்து எனக்குத் தொலைபேசியில் பேசினாள். "அண்ணா, நான் வேலைக்கு வந்ததும் இவர் உன்ன மாதிரியே கோட்டையைப் பிடிக்க உட்கார்ந்துடறார் போல. நாலு மணி நேரம், அஞ்சு மணி நேரம்னு காட்டுது." பாதி சிரிப்பாகத்தான் சொன்னாள்.

"விடும்மா," என்றேன். "ஆம்பளைன்னா கொஞ்சம் அப்படி இப்படித்தான் இருப்பான். அவருக்கும் பொழுது போகணும்ல."

"குட்டியோடதான் இருந்தேன்னு சொல்றாரே அண்ணா."

"எப்படித் தெரியும்னு மட்டும் அவர்கிட்ட காட்டிக்காதே. காட்டினா மறைக்கக் கத்துக்குவார். பார்த்தா படம் எடுத்து வச்சுக்கோ."

இந்த ஒரு யோசனைக்காக நான் கொஞ்சம் பெருமைப்பட்டேன் என்பதை மறைப்பதற்கில்லை. ஏனென்றால் அவள் ஒரே ஒரு தடவை கைபேசியைக் கணவர் முகத்துக்கு நேரே நீட்டியிருந்தால், பத்து நிமிஷத்தில் அவர் கண்டுபிடித்திருப்பார். அந்த வேலையை அவருக்குக் கற்றுக்கொடுத்தவன் நான் ஆயிற்றே.

அவள் நீட்டவில்லை. மாலையில் வந்து, "இன்னிக்கு என்ன பண்ணிட்டிருந்தீங்க?" என்று மட்டும் கேட்பாள். "குட்டி கூடத்தான் இருந்தேன், வேற என்ன?" என்பார். அது முழு உண்மை. அவர் எவ்வளவு உண்மை பேசினாரோ அவ்வளவு பொய்யராகத் தெரிந்தார். எத்தனை மணி நேரம் குழந்தைக்குச் சொல்லிக்கொடுத்தாரோ அத்தனை மணி நேரம் அவர் பெயருக்குக் கீழே ஏறியது. தங்கை வீட்டில் இருந்தால் குட்டி அவள் மடியைவிட்டு இறங்கமாட்டாள், பயிற்சி நடக்காது, அந்த வரியும் வராது. அவள் வாசற்படி ஏறியதும் வரி மறைந்துவிடுகிறது என்றால் என்ன அர்த்தம்? தன்னைப் பார்த்ததும் மூடி ஒளிக்கிறார் என்றுதான் அர்த்தம். அதை நான் திட்டமிடவில்லை. தானாக அமைந்தது. சில வேலைகளுக்குக் கடவுளும் கூட நிற்பார் போல.

அந்த இரண்டரை மாதத்தில் மணிநேரம் கூடிக்கொண்டே போனது. ஐந்து ஆறாயிற்று, ஆறு ஏழாயிற்று. குட்டிக்குப் புது வார்த்தை எதுவும் வரவில்லை. குழந்தையைப் பக்கத்தில் போட்டுவிட்டு ஆட்டமா என்று தங்கை கொதித்துப் போனாள். தினமும் என்னிடம்தான் அழுவாள். நான் ஒரு தடவைகூட அவரைப் பற்றித் தப்பாக ஒரு வார்த்தை சொன்னதில்லை. "பாவம், அவர் பழக்கம் அது," என்பேன். பாவம் என்று சொல்லச் சொல்ல அவளுக்கு ஆத்திரம் இன்னும் ஏறும். நூற்றுப் பன்னிரண்டு படங்கள் எடுத்து வைத்திருந்தாள். ஒருநாள் குட்டியையும், குட்டி விடாமல் பிடித்துக்கொண்ட அந்தக் கணினியையும் தூக்கிக்கொண்டு என் வீட்டுக்கு வந்துவிட்டாள்.

கணினியைக் கூடத்தில் வைத்ததும் நான் செய்த முதல் வேலை, அரட்டைச் செயலியிலிருந்து மாப்பிள்ளையின் கணக்கை வெளியேற்றியது. ஆளோடு நான் பட்டியலில் சேர்த்த பெயரும் போய்விட்டது என்று நினைத்தேன். சரிபார்க்கவில்லை. பதினோரு வருஷம் அடுத்தவர் வேலையைச் சரிபார்த்தவன் என் வேலையைச் சரிபார்க்கவில்லை. அந்தத் தவறுக்குத்தான் இப்போது இங்கே உட்கார்ந்திருக்கிறேன்.

இரண்டாவது வேலையாக மஞ்சள் பந்தைத் திறந்து பார்த்தேன். எட்டு வார்த்தைகளுக்கு நேரே சரிக்குறி இருந்தது. ஒன்பதாவது வார்த்தைக்கு இல்லை. அதில் என் படம் இருந்தது. தங்கையின் திருமணத்தன்று எடுத்தது, பக்கத்தில் நின்றவர்களை வெட்டிவிட்டு என் முகத்தை மட்டும் பெரிதாக்கியிருந்தார். மாப்பிள்ளையின் குரல் வந்தது: "யாரு கண்ணு இது? மாமா. எங்க, சொல்லு பார்ப்போம். மா... மா." அதன்பின் குட்டியின் குரல், பதிவாகியிருந்த முயற்சிகள். ம் என்று ஒன்று. ம் என்று இன்னொன்று. ஆயிரத்து முந்நூறுக்கு மேல் இருந்தன. ஆரம்பித்த தேதி, நான் வந்துபோன ஞாயிற்றுக்கிழமைக்கு மறுநாள். நூற்றுப் பன்னிரண்டு படங்களும் எந்த நாட்களில் எடுக்கப்பட்டனவோ, அதே நாட்கள்.

எனக்கு ஒன்றும் தோன்றவில்லை என்று எழுதினால் அது பொய்யாகிவிடும். எழுந்துபோய்த் தண்ணீர் குடித்தேன். பிறகு யோசித்துப் பார்த்தேன். என் படத்தை எடுப்பதற்கு முன்னால் என்னிடம் ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். எப்போதும் அவர் வழக்கம் அதுதான். என்னைக் கேட்காமலே என்னைப் பலர் முன்னால் கொண்டுவந்து நிறுத்துவது.

மூன்று வாரம் கழித்துக் குடும்ப நீதிமன்றத்தில் விசாரணை. தாங்கள் குழந்தையின் தகப்பனார் விளையாட்டுக்கு அடிமையாக இருந்ததைப் பார்த்திருக்கிறீர்களா என்று கேட்டார்கள். தங்கை எனக்குக் காட்டியதைப் பார்த்திருக்கிறேன் என்றேன். அதுவும் உண்மை. நூற்றுப் பன்னிரண்டு தாள்களை மாப்பிள்ளை முன்னால் வைத்தார்கள். அப்போதுதான் அவர் முதல்முறையாக அந்த வரியைப் பார்த்தார். நாலைந்து தாள்களைப் புரட்டினார். வாதாடுவார், கணினியைச் சோதிக்கக் கேட்பார், என் பக்கம் திரும்புவார் என்று எதிர்பார்த்தேன். பதில்கூடத் தயாராக வைத்திருந்தேன். அவர் என்னைப் பார்க்கவேயில்லை. தங்கையைப் பார்த்து, "ரெண்டரை மாசமா இத கையில வச்சிருந்தியா? என்கிட்ட ஒரு தடவை காட்டியிருக்கலாமே," என்றார். வாய்க்கு வாய் பேசுகிற மனிதர், பதினாறு பேர் முன்னால் சிரித்துப் பேசிய மனிதர், அன்று கைகட்டி நின்றார். எனக்கு அது போதுமானதாக இருந்தது. குழந்தை தாயிடம் இருக்கட்டும், தகப்பன் சனிக்கிழமை ஒரு மணி நேரம் நீதிமன்ற அறையில் வைத்துப் பார்க்கலாம் என்று உத்தரவாயிற்று.

அந்த இடத்தோடு நிறுத்தியிருக்கலாமே என்று கேட்டீர்கள். நிறுத்தத்தான் நினைத்தேன். ஆனால் அந்தக் குரல் நிற்கவில்லை.

தங்கை வேலைக்குப் போய்விடுவாள். குட்டியைப் பார்த்துக்கொள்வது நான். காலையில் கண் விழித்ததும் அவள் நேராகக் கணினிக்குப் போவாள். அவளே திறக்கப் பழகியிருந்தாள். "வா கண்ணு, ஆரம்பிக்கலாமா?" என்று என் வீட்டுக் கூடத்தில் மாப்பிள்ளை பேச ஆரம்பித்துவிடுவார். நான் பல் தேய்க்கும்போது பேசுவார். நான் சாப்பிடும்போது பேசுவார். ஆளை வெளியே தள்ளியும் குரல் உள்ளேயே இருந்தது. உத்தரவு வந்த நாலாவது நாள் ஒலிபெருக்கியின் கம்பியை உருவி அலமாரியில் வைத்தேன். படங்கள் வரும், பந்து இருக்கும், சத்தம் மட்டும் இராது. குழந்தையிடமிருந்து எதையும் பிடுங்கவில்லை.

முதல் நாள் குட்டி கணினிக்குப் பின்பக்கம் போய்த் தேடினாள். மேசைக்கு அடியில் தேடினாள். "அப்பா, வா," என்றாள். வா என்பதைச் சுத்தமாகச் சொன்னாள், பாராட்டவேண்டும். ஒரு வாரம் அப்படிக் கூப்பிட்டுக்கொண்டிருந்தாள். அப்புறம் படத்தைப் பார்த்துத் தானாகவே சொல்ல முயற்சி செய்தாள். சொல்லித்தருகிறவர் இல்லாததால் ஒவ்வொன்றாகத் தேய்ந்தது. முதலில் பூ போயிற்று. பிறகு இன்னும். மூன்றாவது மாதம் தண்ணீர் வேண்டுமென்றால் குவளையைக் காட்ட ஆரம்பித்தாள். அம்மாவும் போனபோது தங்கை உடைந்துபோய் மருத்துவரிடம் தூக்கிக்கொண்டு ஓடினாள். பயிற்சி ஒழுங்காக நடக்கிறதா என்று அவர் கேட்டார். தினமும் நடக்கிறது, நான்தான் கூடவே உட்காருகிறேன் என்றேன். கடைசியாகப் போனது அப்பா. நான் தேதி குறித்து வைத்திருக்கிறேன்; வேண்டுமென்றால் தருகிறேன். சனிக்கிழமைகளில் மாப்பிள்ளை அவள் முன்னால் மண்டிபோட்டு வாயைத் திறந்து திறந்து காட்டுவார். அவள் அவர் வாயையே பார்த்துக்கொண்டிருப்பாள். நான் கண்ணாடிக் கதவுக்கு வெளியே நாற்காலி போட்டு உட்கார்ந்திருப்பேன். ஒரு சனிக்கிழமைகூடத் தவறவிட்டதில்லை.

மாட்டிக்கொண்டது ஒரு புதன்கிழமை. என் கணினி கெட்டுப்போயிருந்தது. கோப்பு ஒன்று அவசரமாக அனுப்ப வேண்டியிருந்ததால், கூடத்துக் கணினியில் அரட்டைச் செயலியை என் கணக்கில் திறந்தேன். வேலையை முடித்துவிட்டு மூட மறந்து சமைக்கப் போய்விட்டேன். குட்டி வழக்கம்போல வந்து தன் பந்தைத் திறந்துகொண்டு உட்கார்ந்தாள். மதியம் தங்கை தொலைபேசியில் அழைத்தாள். குரல் ஒரு மாதிரி இருந்தது.

"அண்ணா, என்ன பண்ணிட்டிருக்கே?"

"குட்டி கூடத்தான் இருக்கேன், வேற என்ன?"

அவள் தொலைபேசியை வைத்துவிட்டாள். இந்த வாக்கியத்தை அவள் ஏற்கெனவே வேறொருவர் வாயிலிருந்து கேட்டிருக்கிறாள் என்பது எனக்குச் சட்டென்று உறைக்கவில்லை.

விடுப்புச் சொல்லிவிட்டு, சீருடையோடு வந்தாள். நான் மறுபடியும் ஆட ஆரம்பித்துவிட்டேன், குழந்தை அனாதையாகக் கிடக்கிறது என்று நினைத்துத்தான் வந்தாளாம். கூடத்தில் குட்டி மட்டும் உட்கார்ந்திருந்தாள். திரையில் மஞ்சள் பந்து. தங்கை கையிலிருந்த கைபேசியில் என் பெயருக்குக் கீழே: விளையாடுகிறார், கருங்கோட்டை, மூன்று மணி நேரமாக. அவள் குனிந்து பந்தை மூடினாள். கைபேசியில் வரி மறைந்தது. திறந்தாள். வரி வந்தது. மறுபடி மூடினாள், மறுபடி திறந்தாள். மூடிய பெட்டிக்குள் என்ன இருக்கிறது என்று பார்ப்பதுதானே அவள் தொழில். கத்துவாள் என்று நினைத்தேன். கத்தவில்லை. "சத்தம் ஏன் வரல?" என்று மட்டும் கேட்டாள். நான் அலமாரியைப் பார்த்துவிட்டேன் போலிருக்கிறது. அவளே போய்க் கம்பியை எடுத்துவந்து மாட்டினாள்.

திரையில் என் படம் இருந்தது. "யாரு கண்ணு இது?" என்று மாப்பிள்ளையின் குரல் கேட்டது.

குட்டி நிமிர்ந்தாள். நாற்காலியிலிருந்து இறங்கி, ஒலிபெருக்கிக்குப் போய், அதன்மேல் உள்ளங்கையை வைத்துக்கொண்டாள். "அப்பா," என்றாள். பந்து எழும்பவில்லை, அது வேறு வார்த்தைக்காகக் காத்திருந்தது. தங்கை தரையிலேயே உட்கார்ந்துவிட்டாள். அவள் அழுத மாதிரி நான் யாரும் அழுது பார்த்ததில்லை, எங்கள் பெற்றோர் போனபோதுகூட.

குட்டி இப்போது தகப்பனிடம் இருக்கிறாள். தங்கை அந்த வீட்டு வாசலில் தினமும் போய் நிற்கிறாளாம். அவர் உள்ளே வா என்றும் சொல்லவில்லை, போ என்றும் சொல்லவில்லையாம். முதலிலிருந்து ஆரம்பிக்கவேண்டும், ஐந்து வயதுக்கு ஆறு மாதம்தான் இருக்கிறது, எல்லாம் திரும்ப வருமா என்று உறுதி சொல்லமுடியாது என்றாராம் மருத்துவர். வந்துவிடும். ஒருமுறை வந்தது இன்னொரு முறை வராதா என்ன.

ஒப்புக்கொள்ள வேண்டியதை ஒப்புக்கொள்கிறேன். ஞாயிற்றுக்கிழமை அந்தப் பெயரை எழுதியது நான். அவரிடம் காட்டிக்கொள்ளாதே என்று தங்கையிடம் சொன்னது நான். ஒன்பதாவது வார்த்தையைப் பார்த்த பிறகும் சாட்சிக் கூண்டில் ஏறியது நான். கம்பியை உருவியதும், வார்த்தைகள் ஒவ்வொன்றாகப் போவது தெரிந்தே தேதி குறித்ததும் நான். யாரும் தூண்டவில்லை. இதற்குக் கீழே கையெழுத்துப் போடுகிறேன்.

ஒன்றை மட்டும் நீங்கள் திருத்தியாக வேண்டும். தகப்பனின் குரலைக் கேட்டதும் குழந்தை அப்பா என்றாள் என்று தங்கை தன் புகாரில் எழுதியிருக்கிறாள். அது பிழை. நாலு மாதம் அவளுக்கு ஊட்டியது நான், குளிப்பாட்டியது நான், மதியம் தட்டித் தூங்கவைத்தது நான். ஒலிபெருக்கி திரைக்குப் பக்கத்திலேயேதான் இருந்தது. அவள் கை எங்கே பட்டது என்பதை வைத்து ஒன்றும் சொல்லிவிட முடியாது. அன்று திரையில் இருந்தது என் முகம். என்னைப் பார்த்துத்தான் அவள் அப்பா என்றாள்.